டோரேமான் படத்துக்கு இந்தோனேசியாவில் ஏன் இவ்வளவு மவுசு? குழந்தைகள் படத்தைப் பார்த்து பெரியவர்கள் அழுதது எதனால்?

மேஜை டிராயரைத் திறந்தால் உள்ளே டைம் மிஷின். அதில் இருந்து எட்டிப் பார்க்கும் நீல நிற ரோபோ பூனை. ஜப்பானில் 2014 ஆகஸ்ட்டில் வெளியான 'ஸ்டாண்ட் பை மீ டோரேமான்' அனிமேஷன் படம், அதே ஆண்டு இறுதியில் இந்தோனேசியாவுக்கு வந்தது. சின்னப் பசங்க படம்தானே என்று விடாமல், பெரியவர்களும் தியேட்டருக்குப் படையெடுத்தார்கள்.

கதை என்ன?

நோபிதா படிப்பிலும் விளையாட்டிலும் கடைசி. அவன் வாங்கி வைக்கும் கடன் பரம்பரையையே பாதிக்கிறது. இதை மாற்ற 22ஆம் நூற்றாண்டில் இருந்து எள்ளுப்பேரன் அனுப்பி வைப்பதுதான் டோரேமான். ஆனால் ஒரு நிபந்தனை. நோபிதா சந்தோஷமாகிவிட்டால் டோரேமான் கிளம்பியாக வேண்டும். பெரியவர்களையும் கண் கலங்க வைத்தது இந்தப் பிரிவுதான்.

இந்தோனேசியாவில் என்ன ஸ்பெஷல்?

அங்கே ஆர்.சி.டி.ஐ. சேனலில் 1990களில் இருந்தே பல ஆண்டுகள் ஞாயிறு காலை என்றால் டோரேமான்தான் என்று இருந்தது. வசனம் மட்டுமல்ல, டைட்டில் பாட்டும் இந்தோனேசிய மொழியில். தலையில் மாட்டிப் பறக்கும் கருவிக்கு 'பாலிங் பாலிங் பம்பு', அதாவது மூங்கில் காற்றாடி என்று உள்ளூர்ப் பெயர். ஜப்பான் பூனை என்ற நினைப்பே பலருக்கு வந்திருக்காது. டோரேமானுக்குப் பல ஆண்டுகள் குரல் கொடுத்த நூர்ஹசனா 2020இல் காலமானபோது, வீட்டில் ஒருவரை இழந்தது போல ரசிகர்கள் கலங்கினார்கள்.

ஆக, படத்தில் நோபிதா எதிர்காலத்துக்குப் போகிறான். படம் பார்த்தவர்களோ தங்கள் ஞாயிற்றுக்கிழமைகளுக்குத் திரும்பிப் போனார்கள்.

இதில் கவனிக்க வேண்டியது என்ன?

சொந்த மொழியில் பேசினால் வெளிநாட்டுக் கார்ட்டூனும் வீட்டுப் பிள்ளை ஆகிவிடும். உள்ளூர் அனிமேஷனுக்கு அதுவே பெரிய போட்டி. அந்தப் போட்டிக்கு நடுவேதான் 2025 ரம்ஜான் பண்டிகையின்போது இந்தோனேசியாவின் சொந்தத் தயாரிப்பான 'ஜம்போ' வெளியானது. பெற்றோரை இழந்த சிறுவனின் கதை. தியேட்டரில் பார்த்தவர்கள் 1 கோடிக்கும் மேல். அன்று டிவி முன்னால் உட்கார்ந்திருந்த பிள்ளைகள்தான் இன்று குழந்தைகளைக் கூட்டிக்கொண்டு தியேட்டருக்கு வரும் அப்பா, அம்மா. அடுத்த தலைமுறையின் ஞாயிற்றுக்கிழமை நினைவில் யார் இருக்கப்போகிறார்கள் என்பதுதான் இப்போதைய போட்டியே.