டெண்டர்லாயின் என்பது எந்த மிருகம்?

சென்னையில் கொஞ்சம் விலை கூடிய உணவகங்களின் மெனு அட்டையை எடுத்துப் பாருங்கள். சிக்கன் என்று இருக்கும், மட்டன் என்று இருக்கும், மீன் என்றால் என்ன மீன் என்பதுவரை இருக்கும். ஸ்டேக் பகுதியில் மட்டும் பல இடங்களில் வெறும் 'டெண்டர்லாயின்' என்று போட்டிருப்பார்கள். எந்த மிருகத்தின் டெண்டர்லாயின்? சாப்பிடுகிறவருக்கும் தெரியும், பரிமாறுகிறவருக்கும் தெரியும். மாடு, அல்லது எருமை. கறிக்கடையில் அதன் பெயர் அண்டர்கட். முதுகெலும்புக்கு உட்புறம் ஒட்டிக் கிடக்கும், அதிகம் உழைக்காத தசை. அதனால்தான் அவ்வளவு மெது. பெயரைச் சொல்லாமல் இருப்பதற்கும் சேர்த்துத்தான் அந்த விலை வாங்குகிறார்களோ என்று எனக்குத் தோன்றுவதுண்டு.

சென்ற மாதம் ஆய்வு நண்பர்கள் நான்கு பேருக்கு அதே அண்டர்கட்டை வீட்டில் செய்தேன். இப்போதைய மொழியில் 'ஃபியூஷன்'. சோயா சாஸ், கெட்டியான புளிக்கரைசல், இஞ்சி, பூண்டு, இடித்த மிளகு, கொஞ்சம் வெல்லம், நல்லெண்ணெய். இதில் உப்புதான் கறிக்குள் ஓரளவு இறங்கும். மற்றதெல்லாம் மேற்பரப்போடு நின்றுவிடும். எங்கள் வீட்டில் முற்றிய கறிக்குப் பப்பாளிக்காய் அரைத்துப் பூசுவார்கள். அண்டர்கட்டுக்கு அது தேவையில்லை. பூசி மறந்துவிட்டால் கறி கூழாகிவிடும். இரும்புத் தோசைக்கல் போதும். கறியின் ஈரத்தை நன்றாக ஒற்றி எடுத்துவிட்டு, கல் புகையும் அளவுக்குக் காய்ந்த பிறகு போட வேண்டும். எருமைக்கறியில் கொழுப்பு குறைவு, கொஞ்சம் அசந்தாலும் விறைத்துவிடும். இறக்கி ஐந்து நிமிடம் அப்படியே விட்டு, நாருக்குக் குறுக்கே வெட்டினால் முடிந்தது.

சிக்கல் அந்தப் புகையில்தான். சமையல் காணொளிகளில் எல்லோரும் சிரித்துக்கொண்டே, ஜன்னலைத் திறந்து வையுங்கள், எக்ஸாஸ்ட் ஃபேனைப் போடுங்கள் என்கிறார்கள். வாடகை வீட்டில் மாட்டுக்கறி சமைக்கிறவர்கள் முதலில் செய்கிற வேலை ஜன்னலைச் சாத்துவது. கல் காய வேண்டும், ஆனால் புகை மாடிக்குப் போகக் கூடாது. ஸ்டேக் செய்முறைகள் எல்லாம் சொந்த வீட்டுக்காரர்களுக்காக எழுதப்பட்டவை.

இந்த வீடு கிடைக்க எனக்கு நான்கு மாதம் ஆனது. சைவம் மட்டும் என்று முகத்துக்கு நேரே சொன்னவர்களை விடுங்கள், அவர்களைப் பற்றி நாம் நிறைய எழுதிவிட்டோம். எனக்குக் கதவைச் சாத்தியவர்களில் பலர் ஞாயிற்றுக்கிழமை தவறாமல் ஆட்டுக்கறி எடுப்பவர்கள். "சிக்கன், மட்டன் தாராளமா செய்யுங்க தம்பி. 'அது' மட்டும் வேண்டாம்." அந்த 'அது'வைச் சொல்லும்போது குரல் தாழும். மாடு என்ற சொல்கூட வீட்டுக்குள் வரக் கூடாது. உண்மையில் அவர்கள் விசாரிப்பது கறியை அல்ல. சாதியை நேரடியாகக் கேட்கக் கூச்சப்படுகிற நகரத்தில் அடுப்பைக் கேட்டுத் தெரிந்துகொள்கிறார்கள். மாட்டிறைச்சிக்கும் தீண்டாமைக்கும் உள்ள உறவை அம்பேத்கர் நூலாக எழுதியது 1948இல். நம் வீட்டுத் தரகர்கள் அதைப் படிக்காமலேயே கரைத்துக் குடித்திருக்கிறார்கள்.

இதைத் தனி மனிதர்களின் அருவருப்பு என்று சுருக்கவும் முடியாது. 2022 மே மாதம் ஆம்பூரில் பிரியாணித் திருவிழா நடத்தத் திருப்பத்தூர் மாவட்ட நிர்வாகம் ஏற்பாடு செய்தது. பீப் பிரியாணிக்கு இடமில்லை. எந்த ஊரில்? ஆம்பூரில்! எதிர்ப்பு கிளம்பியதும் மழையைக் காரணம் காட்டித் திருவிழாவைத் தள்ளி வைத்தார்கள். மாநில ஆதிதிராவிடர் பழங்குடியினர் ஆணையம் ஆட்சியரிடம் விளக்கம் கேட்டது. பெரியார் மண் என்று மேடைதோறும் முழங்குகிற மாநிலத்தில் அரசாங்கப் பந்தலுக்குள் நுழைய முடியாத கறி இது. அதற்கு ஐந்து ஆண்டு முன்பு, 2017 மே மாதம், ஐஐடி மெட்ராஸ் வளாகத்தில் மாட்டுக்கறி விருந்தில் கலந்துகொண்டதற்காக ஓர் ஆய்வு மாணவர் கண்ணில் காயம்படும் அளவுக்குத் தாக்கப்பட்டார். அந்த மாணவர் டெண்டர்லாயின் என்று சொல்லிச் சாப்பிட்டிருந்தால் யாரும் தொட்டிருக்க மாட்டார்கள் என்றே நினைக்கிறேன்.

ஆகவே ஃபியூஷன் என்ற சொல்மீது எனக்கு ஒரு கேள்வி இருக்கிறது. புளியும் சோயாவும் சேர்வதில் எனக்கு மகிழ்ச்சிதான், ருசியாகவே இருந்தது. ஆனால் சேருவது எது, விடுபடுவது எது? உப்பும் மஞ்சளும் தடவிக் கயிற்றில் கோத்து வெயிலில் காயவைக்கும் உப்புக்கண்டத்தை என் பாட்டி மழைக்காலம் முழுக்கக் காப்பாற்றி வைத்திருப்பார். எவ்வளவு உப்பு, எத்தனை நாள் வெயில், எந்தப் பக்கம் காற்று என்பதெல்லாம் அவருக்குக் கைக்கணக்கு. அதே வேலையை ஒரு சமையல்காரர் கண்ணாடிக் குளிர்பெட்டிக்குள் செய்தால் 'டிரை ஏஜிங்', 'கியூரிங்'. பாட்டி செய்தால் தெருவே நாறுகிறது. போட்டி, ஈரல், நாக்கு என்று ஒன்றையும் வீணாக்காமல் சமைத்தவர்களின் அறிவு மெனுவில் ஏறாது. ஏறினாலும் அவர்கள் பெயரோடு ஏறாது. ஷாஹு படோலே மராத்வாடா தலித் சமையலைப் பற்றி மராத்தியில் எழுதிய நூல் 2015இல் வந்தது. நம் ஊர் அடுப்புகளைப் பற்றி அப்படிப் பல நூல்கள் வர வேண்டும்.

அன்று சாப்பிட வந்த நண்பர்களில் ஒருவர் தட்டைப் படமெடுத்தார். 'வீக்எண்ட் ஸ்டேக்' என்று எழுதிப் பதிவிட்டார். மாட்டுக்கறி என்றே போடுங்களேன் என்றேன். "ஃபேமிலி பாப்பாங்க தோழர்" என்றார். முற்போக்கானவர்தான். மூன்று துண்டு சாப்பிட்டார். இன்னொருவர், இது எருமைதானே, பசு இல்லையே என்று இரண்டு முறை உறுதி செய்துகொண்டார்.

படத்துக்குத் தலைப்பு எழுதக் கூச்சப்படுகிற தோழர்களிடம் ஸ்டேக்கைப் பற்றிப் பேச எனக்கு இனி ஒன்றுமில்லை. அவர்களில் சிலருக்குச் சொந்த வீடு இருக்கிறது. மாடியில் ஒரு போர்ஷன் இருக்கிறது. கேட்டில் 'டு லெட்' பலகை தொங்குகிறது. தரகர் போன் செய்து, "பையன் பிஎச்டி பண்றான் சார், நான்வெஜ் சாப்பிடுவான்" என்று சொல்லும்போது, உங்கள் அப்பா அடுத்து என்ன கேட்கிறார்? அப்போது நீங்கள் எந்த அறையில் இருக்கிறீர்கள்?