பத்து பாயிண்ட் ராஜலட்சுமி

"தமிழின் முதல் பேசும் படத்தோட கதாநாயகி யார்?" போன செமஸ்டர் குவிஸ்ல பஸ்ஸரை முதல்ல அழுத்தினது நான்தான். டி.பி.ராஜலட்சுமி. பத்து பாயிண்ட். அடுத்த கேள்வி. அவங்களைப் பத்தி அந்தப் பேருக்கு மேல எனக்கு ஒண்ணுமே தெரியாதுன்னு அன்னைக்கு உறைக்கல.

உறைச்சது ரெண்டு வாரம் கழிச்சு. கல்ச்சுரல்ஸுக்கு ஒரு குறும்படக் கதை எழுதிக் கொடுத்தேன். "ஸ்கிரிப்ட் சூப்பர். டைரக்‌ஷனைப் பசங்க பார்த்துக்கட்டும், நைட் ஷூட் எல்லாம் இருக்கும். நீ ஹீரோயினா நடி"ன்னாங்க. நானும் தலையாட்டிட்டேன். நான் எழுதின கதையில ராத்திரி சீனே கிடையாது. அதைச் சொல்லக்கூட அப்போ தோணல, பாருங்க!

அன்னைக்கு ஹாஸ்டல்ல தூக்கம் வராம போனை நோண்டிட்டு இருந்தப்போதான் மறுபடியும் அந்தப் பேர் வந்துச்சு.

1911-ல திருவையாற்றில் பிறந்தவங்க. சின்னப் பிள்ளையா இருக்கும்போதே கல்யாணம், அது நிலைக்கல. அந்தக் காலத்தில் அதோட ஒரு பெண்ணின் கதையை முடிச்சு மூலையில உட்கார வைச்சிடுவாங்க. இவங்க நாடகக் கம்பெனியில சேர்ந்தாங்க. பெண் வேஷத்தையே ஆண்கள் போட்டுக்கிட்டிருந்த மேடை அது. அங்கே பாடி, நடிச்சு பேர் வாங்கினாங்க.

1931 அக்டோபர் 31. 'காளிதாஸ்' வெளியாகுது. ஹீரோ தெலுங்கு பேச, ராஜலட்சுமி தமிழ் பேச, ஒரே படம்! (நம்ம பான் இந்தியா எல்லாம் அப்பவே ஆரம்பிச்சாச்சு.) இதுல இன்னொரு கூத்து: காளிதாசன் கதைக்குள்ள காந்தியோட ராட்டையைப் பத்தி ஒரு பாட்டு. கதைக்கும் அதுக்கும் சம்பந்தமே இல்ல. ஆனா வெள்ளைக்காரன் ஆட்சியில, முதல் தடவையா தமிழ் பேசின திரையில, ராட்டையைப் பத்திப் பாடினாங்க. அப்போ அவங்க இப்போ இருக்கிற என்னைவிடச் சின்னவங்க.

குவிஸ் கேள்வி இந்த இடத்தோட நின்னுடும். எனக்குக் கோபமே அதுதான். ஏன்னா முக்கியமான விஷயம் அதுக்கப்புறம்தான் இருக்கு. 1936-ல 'மிஸ் கமலா'. தான் எழுதின நாவலையே படமாக்கி, தானே தயாரிச்சு, நடிச்சு, இயக்கினாங்க. தமிழில் படம் இயக்கிய முதல் பெண். அதோட விடல, அப்புறம் 'மதுரை வீரன்' படத்தையும் இயக்கினாங்க. நடிகை முகத்தை ஞாபகம் வைச்சிருக்கிற நமக்கு, கேமராவுக்குப் பின்னாடி நின்ன அதே ஆள் ஏன் ஞாபகத்துல இல்ல?

சரி, 'மிஸ் கமலா'வைப் பார்த்திடலாம்னு தேடினா படமே இல்ல. 'காளிதாஸ்' பிரதியும் இல்ல. அந்தக் காலத்துப் படங்கள் பெரும்பாலும் இப்படித்தான் போச்சு: நைட்ரேட் ஃபிலிம், சீக்கிரம் தீப்பிடிக்கும், வைச்சா அதுவா சிதைஞ்சிடும், பாதுகாக்கணும்னும் யாருக்கும் தோணல. ஃபிலிம்மைக் குறை சொல்ற தகுதி நமக்கும் இல்ல. நம்ம டிபார்ட்மென்ட் சீனியர்ஸ் எடுத்த குறும்படங்கள் எங்கேன்னு கேட்டுப் பாருங்க. ஒரு ஹார்ட் டிஸ்க், அது யாரோட ரூம்லயோ. இத்தனைக்கும் நாம பேக்கப் பத்தி பரீட்சையில பதிமூணு மார்க்குக்கு எழுதறவங்க.

"முதல் பெண்"னு பட்டம் கொடுக்கிறது ரொம்ப சுலபம்னு நினைக்கிறேன். கொடுத்துட்டா அதுக்கப்புறம் அவங்க என்ன வேலை செஞ்சாங்கன்னு யாரும் பார்க்க வேண்டாம். ரெண்டாவது, மூணாவது பெண் ஏன் இவ்வளவு மெதுவா வந்தாங்கன்னும் கேட்க வேண்டாம்.

அடுத்த வருஷக் குறும்படக் குழுவுக்கு ஃபார்ம் வரும். ஜூனியர் பொண்ணுங்களே, "ஆக்டிங், காஸ்ட்யூம்"னு யாராவது உங்களுக்காக டிக் போட்டுக் கொடுத்தா, பேனாவை வாங்கி அடிச்சிட்டு "டைரக்‌ஷன்"னு எழுதுங்க. பசங்களே, நைட் ஷூட்னு சொல்றதுக்கு முன்னாடி ஸ்கிரிப்டை ஒரு தடவை படிச்சிடுங்க.

என் கதையை பிப்ரவரியில நானே எடுத்தேன், பட்டப்பகல்ல. எடிட்டிங் சுமார்தான். மூணு இடத்துல சேவ் பண்ணி வைச்சிருக்கேன், வேணும்னா கேளுங்க.