முன்பிணை கேட்கும் அதிகாரிகள்

வன்கொடுமைத் தடுப்புச் சட்டத்தில் குற்றம் சாட்டப்பட்ட அரசு அதிகாரிக்கு முன்பிணை கிடையாது என்றால் சிலருக்குக் கோபம் வருகிறது. "அவரும் குடிமகன்தானே? விசாரிக்கும் முன்பே சிறையா?" என்கிறார்கள். கேள்வியில் நியாயம் உண்டு. ஆனால் அதிகாரி வெறும் குடிமகனாக மட்டும் நீதிமன்றத்துக்கு வருவதில்லை என்பதே என் பதில்.

முன்பிணை 1973ஆம் ஆண்டுக் குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 438ஆவது பிரிவாக வந்தது. பகை காரணமாகப் பொய் வழக்கில் சிக்கவைக்கப்படுவோரைக் காப்பதே நோக்கம் என்றார்கள். அதன் எல்லைகளை விளக்கிய 1980ஆம் ஆண்டுத் தீர்ப்பு யாருடைய வழக்கில் வந்தது? ஊழல் குற்றச்சாட்டுக்கு ஆளான பஞ்சாப் அமைச்சர் குர்பக்‌ஷ் சிங் சிபியா வழக்கில்.

1989ஆம் ஆண்டு வன்கொடுமைத் தடுப்புச் சட்டம் தன் 18ஆவது பிரிவால் அந்த வழியை அடைத்தது. 1995இல் உச்ச நீதிமன்றமும் அதை ஏற்றது. குற்றம் சாட்டப்பட்டவர் வெளியில் இருந்தால் பாதிக்கப்பட்டவரை மிரட்டுவார், வழக்கைத் தடுப்பார் என்பதே அடிப்படை. ஊர்ப் பெரிய மனிதருக்கே இது பொருந்துமானால், கோப்பும் முத்திரையும் கையில் உள்ள அதிகாரிக்கு எவ்வளவு பொருந்தும்!

2018 மார்ச் 20 அன்று வந்த சுபாஷ் காசிநாத் மகாஜன் தீர்ப்பு இதைத் தலைகீழாக்கியது. மகாராட்டிரத்தில் அரசுக் கல்லூரி ஒன்றில் பணிபுரிந்த தலித் ஊழியர், தன் பணிக் குறிப்பேட்டில் மேலதிகாரிகள் இருவர் தவறாக எழுதியதாக 2006இல் புகார் கொடுத்தார். அவர்கள்மீது வழக்கு நடத்தத் துறை இயக்குநர் 2011இல் அனுமதி மறுத்தார். அனுமதி மறுக்க அவருக்கு அதிகாரமே இல்லை என்று 2016இல் இயக்குநர்மீதும் புகார் போனது. அந்த இயக்குநரின் மேல்முறையீட்டில்தான், அரசு ஊழியரைக் கைது செய்ய அவரை நியமித்தவரின் ஒப்புதல் வேண்டும், முன்பிணைக்கு முழுத் தடை இல்லை என்று நீதிமன்றம் சொன்னது. அதாவது, ஒரு அதிகாரியைத் தொட இன்னொரு அதிகாரியிடம் கையெழுத்து வாங்க வேண்டும்!

ஏப்ரல் 2 அன்று நாடெங்கும் முழு அடைப்பு நடந்தது. பல உயிர்கள் பறிபோயின. அதன் பிறகுதான் நாடாளுமன்றம் 18ஏ பிரிவைச் சேர்த்தது. 2019 அக்டோபரில் உச்ச நீதிமன்றமே அந்த உத்தரவுகளைத் திரும்பப் பெற்றது. 2020 பிப்ரவரியில் 18ஏ செல்லும் என்றது. ஆனால் முதல் நோக்கிலேயே குற்றம் தெரியாத வழக்கில் இந்தத் தடை பொருந்தாது என்றும் சொன்னது.

பொய் வழக்குக்கு அஞ்சுகிறவருக்கு அந்த ஒரு வழி போதும். அதிகாரிக்கோ வேறு கவசங்களும் உண்டு. அவர்மீது வழக்கு நடத்த அரசின் முன் அனுமதி தேவை என்று பல நேரங்களில் வாதாடலாம். கடமை தவறியதற்காக 4ஆவது பிரிவில் வழக்குப் போடவும் நிர்வாக விசாரணையின் பரிந்துரை வேண்டும். புகாரைப் பதியாமல் அலைக்கழிக்கும் காவல் அதிகாரியைத் தண்டிக்க வந்த பிரிவு அது. அதற்கும் நிர்வாகமே பரிந்துரைக்க வேண்டுமாம்! கூலித் தொழிலாளிக்கு இப்படி ஏதாவது கவசம் உண்டா?

விசாரணை இன்றித் தண்டியுங்கள் என்று நான் கேட்கவில்லை. சட்டத்தில் உள்ளதைச் செய்யுங்கள் என்கிறேன். முதல் நோக்கில் குற்றம் இல்லை என்று அதிகாரி சொன்னால், 15ஏ பிரிவின்படி பாதிக்கப்பட்டவருக்கு அறிவிப்பு கொடுத்து, அவர் தரப்பையும் கேட்ட பிறகே நீதிமன்றம் முடிவெடுக்கட்டும். வழக்கு முடியும்வரை அந்த அதிகாரி அதே இருக்கையில், அதே சாட்சிகளுக்கு மேலதிகாரியாக இருக்கக் கூடாது. இடமாற்றத்துக்குப் புதுச் சட்டம் தேவையில்லை. அரசின் ஒரு உத்தரவு போதும்.

புகார் கொடுத்தவர் நாளையும் அதே அலுவலகத்துக்குத்தான் போக வேண்டும். அதிகாரிக்கு முன்பிணை உண்டா இல்லையா என்று வாதிடுவோர், அவருக்கு என்ன பாதுகாப்பு என்பதையும் சொல்லட்டும்.