கண்ணாடிக்கு ஒரு கயிறு



ஊசியில் நூல் கோர்க்கப் பிள்ளையைக் கூப்பிடுகிறீர்களா? படிவத்தைக் கை நீட்டித் தள்ளிப் பிடித்து வாசிக்கிறீர்களா? அப்படியானால் இந்த மாதம் நான் எழுதுவது உங்களுக்காகத்தான்.

ஹட்டன், பொகவந்தலாவைப் பக்கத்துத் தோட்டங்களில் பெண்கள் குழுக்களைச் சந்திக்கும்போது, "அழுது அழுது கண்ணே அவிஞ்சு போச்சு" என்று பலர் சொல்லக் கேட்கிறேன். 1977, 1983 வன்செயல்களுக்குப் பின் மலையகத்தை விட்டு வன்னிக்குப் போன குடும்பங்களில் வளர்ந்து, 2009 வரை யுத்தத்துக்குள் வாழ்ந்து, பிறகு உறவினரின் லயங்களுக்கு வந்து சேர்ந்த சகோதரிகள் இதை அதிகம் சொல்கிறார்கள். கணவனை, பிள்ளையைப் பறிகொடுத்த துக்கத்தோடு கண் போன துக்கத்தையும் சேர்த்துச் சுமக்கிறார்கள்.

அழுவதால் பார்வை போவதில்லை. நாற்பது வயதை அண்டும்போது கண்ணுக்குள் இருக்கும் வில்லை இறுகத் தொடங்குகிறது. அதனால் கிட்ட இருப்பது மங்கலாகத் தெரிகிறது. இதுதான் வெள்ளெழுத்து. ஒருநாளும் அழாதவர்களுக்கும் இது வரும். இதற்கு மருந்து கண்ணாடிதான்.

கண்ணாடி வாசிப்பதற்கு மட்டும்தான் என்று நினைக்க வேண்டாம். இந்தியாவின் அசாம் தேயிலைத் தோட்டங்களில் 40 வயதுக்கு மேற்பட்ட 751 தொழிலாளரை வைத்து ஓர் ஆய்வு நடந்தது. அதன் முடிவு 2018இல் 'லான்செட் குளோபல் ஹெல்த்' மருத்துவ இதழில் வெளியானது. கண்ணாடி கிடைத்தவர்களின் நாள் கொழுந்து, கிடைக்காதவர்களுடையதைவிட சுமார் 5 கிலோ கூடுதலாக உயர்ந்திருந்தது. முற்றல் இலைக்காக ஏச்சு வாங்கி, கிலோ குறைந்து அரைப்பேரோடு வீடு திரும்பும் சகோதரிக்கு இது சின்ன விஷயமா?

ஆனால் மலையில் ஒரு சிக்கல் உண்டு. கிட்டப் பார்க்கும் கண்ணாடியைப் போட்டால் தூரம் மங்கும். கொழுந்து எடுக்கும்போது போட வேண்டும், சரிவில் நடக்கும்போது கழற்ற வேண்டும். இரண்டு கையும் ஈரம். படங்கில் செருகினால் நழுவுகிறது, கூடையில் போட்டால் கொழுந்தோடு போகிறது. அதனால்தான் பலருடைய கண்ணாடி பெட்டிக்குள்ளேயே கிடக்கிறது. ஒரு கயிறு கட்டினால் இந்தச் சிக்கல் தீரும்.

கயிற்றைக் கடையில் வாங்கலாம், வீட்டிலும் செய்யலாம். சுமார் 70 சென்ரிமீற்றர் நீளமான பருத்திக் கயிறு போதும். இரண்டு நுனியிலும் சிறு சுருக்கு வைத்து, அதில் இறுக்கமான ஒரு மணியைக் கோருங்கள். கண்ணாடிக் காலின் நுனியைச் சுருக்குக்குள் விட்டு, மணியைத் தள்ளினால் இறுகிவிடும். காலில் நிரந்தரமாக முடிச்சுப் போடாதீர்கள். கயிற்றை நடுவில் வெட்டி, பிடரிப் பக்கம் வரும் அந்த இடத்தில் ஓர் அமுக்குப் பொத்தானைத் தையுங்கள். செடியில் சிக்கினால் பொத்தான் விடுபடும், கழுத்து இறுகாது. நைலோன் நூலும் மீன்பிடி நூலும் வேண்டாம், அவை அறாமல் கழுத்தை அறுக்கும்.

கழற்றிவிட்டால் கண்ணாடி நெஞ்சில் நிற்க வேண்டும். வயிறு வரை தொங்கினால் செடியில் மாட்டும். முதலில் கயிற்றை மாட்டி, அதன் மேல் தலைத்துணியைப் போட்டு, கடைசியாகக் கூடைக் கயிற்றைத் தலையில் ஏற்றுங்கள். மாறிப் போட்டால் கூடையை இறக்கும்போது கண்ணாடியும் கூடவே இழுபடும். தொழிற்சாலையில் ஓடும் இயந்திரத்துக்குப் பக்கத்தில் வேலை செய்பவர்கள் தொங்கும் கயிறு போடவே கூடாது.

பராமரிப்பும் கடினமில்லை. வியர்வையும் மருந்தும் படிவதால் வாரம் ஒருமுறை கயிற்றைச் சவர்க்காரம் போட்டுக் கழுவி நிழலில் உலர்த்துங்கள். சுருக்குத் தளர்ந்தாலோ நூல் பிரிந்தாலோ புதிதாகக் கட்டுங்கள். கண்ணாடியைச் சேலைத் தலைப்பால் வெறுமனே துடைக்காதீர்கள், தூசி கீறிவிடும். தண்ணீரில் அலசிய பிறகு மெல்லிய பருத்தித் துணியால் ஒற்றி எடுங்கள். அடுப்படியில் தொங்கவிட வேண்டாம்.

ஒன்றை மறக்காதீர்கள். கடையில் கண்ணாடி வாங்குவதற்கு முன் அரசாங்க வைத்தியசாலையின் கண் கிளினிக்கில் ஒருமுறை காட்டுங்கள். அங்கே பரிசோதனைக்குக் காசு இல்லை. செல் துண்டு பட்டவர்களும், நீரிழிவு உள்ளவர்களும், ஒரு கண் மட்டும் மங்குகிறவர்களும், திடீரென்று பார்வை குறைந்தவர்களும் கட்டாயம் போக வேண்டும். அவர்களுடையது வெறும் வெள்ளெழுத்தாக இல்லாமல் இருக்கலாம். கண்ணாடி வாங்க வசதியில்லையென்றால் பிரதேச செயலகத்தில் சமூக சேவை உத்தியோகத்தரிடம் உதவி கேட்டுப் பாருங்கள்.

அடுத்த சங்கக் கூட்டத்துக்கு ஊசி, நூல், மணி, பொத்தான் கொண்டு போங்கள். கண் தெரிகிற இளம் பிள்ளைகள் நூலைக் கோர்த்துத் தரட்டும். நாற்பது தாண்டிய ஒவ்வொருவருக்கும் ஒரு கயிறு தைத்துவிடலாம். "அழுது அழுது" என்று அங்கே யாராவது தொடங்கினால், அவர் பக்கத்தில் உட்கார்ந்து முழுவதையும் கேளுங்கள். பிறகு அவரைக் கிளினிக்குக்குக் கூட்டிப் போங்கள்.

அடுத்த மாதம் சந்திப்போம்.