வக்கீல் வரலைன்னா கட்சிக்காரருக்கு ஏன் தண்டனை?

1/ ஆபரேஷன் அன்னைக்கு சர்ஜன் வரலை. "உங்க டாக்டர் வரலை, அதனால உங்க கேஸ் ஷீட்டை மூடிட்டோம், கிளம்புங்க"ன்னு ஆஸ்பத்திரி சொன்னா சும்மா விடுவீங்களா? சிவில் அப்பீலில் இதுதான் நடக்குது. அதுவும் சட்டப்படி.

2/ சிவில் நடைமுறைச் சட்டம், ஆர்டர் 41, ரூல் 17. விசாரணை நாளில் அப்பீல் போட்டவர் தரப்பில் யாரும் ஆஜராகலைன்னா கோர்ட் தள்ளுபடி பண்ணலாம். ஆள் இல்லாதப்போ வழக்கின் நியாய அநியாயத்துக்குள்ள போய் தள்ளுபடி செய்யக்கூடாதுன்னு 1976 திருத்தம் விளக்கம் சேர்த்தது. அதாவது, உங்க பக்கம் நியாயம் இருக்கான்னு யாருமே பார்க்கலை. ஆனா கீழ்க்கோர்ட் தீர்ப்பு அப்படியே நிக்கும்.

3/ "ரூல் 19 இருக்கே, திரும்ப கோப்புல எடுக்கலாமே"ம்பாங்க. சரி. அதுக்குக் கெடு 30 நாள். உங்களுக்குத் தெரிஞ்ச நாள்ல இருந்து இல்ல, தள்ளுபடி ஆன நாள்ல இருந்து! வக்கீல் வாயே திறக்கலைன்னா எப்போ தெரியும்? வீட்டைக் காலி பண்ணச் சொல்லி அமீனா வாசல்ல நிக்கும்போதுதான். அப்புறம் தாமதத்தை மன்னிக்கச் சொல்லி ஒரு மனு, அதுக்கும் ஃபீஸ்.

4/ 1981லேயே ரஃபீக் எதிர் முன்ஷிலால் வழக்கில் உச்ச நீதிமன்றம் தெளிவா சொல்லிடுச்சு: வக்கீலை நம்பி ஒப்படைச்சவர், அந்த வக்கீல் வராததுக்காகக் கஷ்டப்படக் கூடாது. செலவுத்தொகையையும் வராத வக்கீல் தலையிலதான் வச்சது. இன்னைக்கு எத்தனை கோர்ட்ல அப்படிச் செய்றாங்க?

5/ இழுத்தடிக்கவே வராம இருக்கிற கட்சிக்காரங்களும் உண்டு, மறுக்கலை. எல்லாப் பழியையும் வக்கீல் மேல போட்டுத் தப்பிக்க முடியாதுன்னு 1993ல் சலீல் தத்தா வழக்கில் அதே உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கு. அப்போ யார் தப்புன்னு விசாரிங்க. விசாரிக்காம ஏன் அப்பாவிக்கு முதல் அடி?

6/ டாக்டர்களை 1995ல் நுகர்வோர் சட்டத்துக்குள்ள கொண்டு வந்தாங்க. ஏத்துக்கிட்டோம். 2024 மே மாசம், வக்கீல் சேவை அதுக்குள்ள வராதுன்னு தீர்ப்பு. அப்போ மிச்சம் பார் கவுன்சில் புகாரும் தனி சிவில் வழக்கும்தான். அந்த வழக்குக்கும் ஒரு வக்கீல் வேணும்!

7/ கேட்கிறது ரெண்டே ரெண்டு. முதல் தடவை வக்கீல் வரலைன்னா, தள்ளுபடிக்கு முன்னாடி கட்சிக்காரருக்கே நேரா நோட்டீஸ் போகட்டும். காரணமில்லாம வராத வக்கீல் தன் கைக்காசுல செலவுத்தொகை கட்டட்டும்.

8/ அதுவரை நீங்க செய்ய வேண்டியது: உங்க வழக்கின் 16 இலக்க சி.என்.ஆர். எண்ணை வாங்கி வச்சுக்குங்க. இ-கோர்ட்ஸ் ஆப்ல போட்டா அடுத்த தேதி தெரியும். வாய்தாவுக்கு வாய்தா நீங்களே பாருங்க. "வக்கீல் பார்த்துக்குவார்"னு இருந்துடாதீங்க.