நடை திரும்பினால் போதுமா?

பக்கவாதம் வந்து வீடு திரும்பியவரைப் பார்க்கப் போகிறவர்கள் முதலில் கேட்பது, "கை கால் வந்துவிட்டதா?" என்றுதான். பிசியோதெரபிஸ்ட் வந்து பந்தை அமுக்கச் சொல்கிறார், சுவரைப் பிடித்து நடக்க வைக்கிறார். நடை திரும்பியதும் குடும்பம் நிம்மதிப் பெருமூச்சு விடுகிறது. அவரால் மளிகைக் கணக்கைக் கூட்ட முடிகிறதா, நாலு பேர் பேசும்போது பேச்சைப் பின்தொடர முடிகிறதா, காலையில் மாத்திரை போட்டது நினைவிருக்கிறதா என்று யாரும் பார்ப்பதில்லை. மறுவாழ்வுச் சிகிச்சையில் நாம் பாதியைத்தான் செய்கிறோம் என்பதற்கான சான்று ஹைதராபாத்திலேயே இருக்கிறது.

நிஜாம் மருத்துவ அறிவியல் நிறுவனத்தின் (நிம்ஸ்) பக்கவாதப் பதிவேட்டில் இருந்த 608 பேரை நரம்பியல் மருத்துவர்கள் சுவர்ணா அல்லாடி, சுபாஷ் கவுல் உள்ளிட்ட குழுவினர் ஆராய்ந்து 2016-ல் வெளியிட்டார்கள். இரண்டோ அதற்கு மேலோ மொழி பேசியவர்கள் 353 பேர். அவர்களில் 40.5 சதவீதத்தினருக்கு அறிவுத்திறன் இயல்பாக இருந்தது. ஒரே மொழி பேசியவர்களில் 19.6 சதவீதத்தினருக்கு மட்டுமே. இரண்டு மடங்கு என்ற வியப்புதான் பரவலாகப் பேசப்பட்டது. எனக்கு உறைப்பது அந்தக் கணக்கின் மறுபக்கம். நல்லபடியாகத் தேறிய கூட்டத்திலேயே பத்தில் ஆறு பேருக்கு நினைவிலோ கவனத்திலோ பேச்சிலோ ஏதோ ஒரு பழுது. மற்றவர்களில் பத்துக்கு எட்டுப் பேர். இத்தனை பேரின் பழுது, கை கால் வந்துவிட்டதா என்ற ஒரே கேள்வியில் மறைந்துபோகிறது.

பல மொழி தெரிந்தவர் படித்தவராகவும் வசதியுள்ளவராகவும் இருப்பார், அதனால் தேறியிருப்பார் என்று சொல்லலாம். ஹைதராபாத்தில் அது அவ்வளவாகப் பொருந்தாது. பள்ளி வாசலை மிதிக்காத ஆட்டோக்காரரும் காய்கறி விற்பவரும் இங்கே தெலுங்கும் தக்கினி உருதுவும் மாற்றி மாற்றிப் பேசுகிறார்கள். வயது, படிப்பு, ரத்த அழுத்தம், சர்க்கரை நோய் போன்றவற்றைக் கணக்கில் எடுத்த பிறகும் வித்தியாசம் நீடித்தது. இன்னொரு கேள்வி இதைவிடக் கூர்மையானது: மொழிதான் காத்தது என்றால், பேச்சிழப்பு குறைந்திருக்க வேண்டுமே? குறையவில்லை, இரு பிரிவிலும் ஏறக்குறைய ஒரே அளவுதான். ஆராய்ச்சியின் மிக முக்கியமான முடிவே இதுதான் என்பேன். பலன் சொற்களின் இருப்பில் இல்லை. ஒரு மொழி பேசும்போது இன்னொன்றை அடக்கிவைத்து, ஆளுக்கு ஏற்ப மாறிக்கொள்ளும் ஓயாத பழக்கம் மூளையின் கவனத்தைப் பயிற்றுவிக்கிறது. அடிபட்ட பிறகும் அந்தக் கவனம் கைகொடுக்கிறது என்பதே ஆராய்ச்சிக் குழுவினர் தரும் விளக்கம். ஒரே மருத்துவமனையின் பதிவேடு இது, மொழியை மருந்துச் சீட்டில் எழுத முடியாது என்பதையும் ஒப்புக்கொள்கிறேன். ஆனால் ஆயுள் முழுக்க மூளைக்குக் கொடுத்த வேலைக்கு இவ்வளவு வலு இருக்கும்போது, "அவரைத் தொந்தரவு செய்யாதீர்கள், ஓய்வெடுக்கட்டும்" என்று தொலைக்காட்சி முன் உட்காரவைத்து, அவருக்கான பதிலையும் நாமே சொல்லிவிடுவது எப்படிச் சரியாகும்?

அப்படியானால் வீட்டாரே பயிற்சி கொடுக்கட்டுமே என்பார்கள். குடும்பத்தின் பாசத்தை நானும் நம்புகிறேன். அதை மட்டும் நம்பியிருக்க முடியாது. வீட்டாருக்குப் பயிற்சி தந்து அவர்களையே மறுவாழ்வுச் சிகிச்சை செய்யவைக்கும் முறையை இந்தியாவின் 14 மருத்துவமனைகளில் 1,250 நோயாளிகளிடம் சோதித்து, 2017-ல் 'லான்செட்' இதழில் முடிவை வெளியிட்டார்கள். ஆறு மாதத்தில் இறந்தவர்களும் பிறரைச் சார்ந்து வாழ்ந்தவர்களும் சேர்ந்து, வீட்டார் பயிற்சி பெற்ற பிரிவு, பெறாத பிரிவு இரண்டிலும் 47 சதவீதம். பயிற்சி பெற்ற குடும்பத்தால் வித்தியாசம் வரவில்லை. எனவே இந்தப் பொறுப்பு மருத்துவமனையிடமே இருக்க வேண்டும். மறுபரிசோதனைக்கு வரும் ஒவ்வொருவரின் நினைவையும் கவனத்தையும், ரத்த அழுத்தம் பார்ப்பதுபோல, அவரவர் மொழியில் பார்க்க வேண்டும். செகந்திராபாத்தில் நாற்பது வருடம் வாழ்ந்த தமிழரிடம் இந்தியில் கேட்டு, அவர் தடுமாறினால் அறிவு மங்கிவிட்டது என்று எழுதக் கூடாது. இதைச் செய்யப் பேச்சுப் பயிற்சியாளர்கள் குறைவு என்பது உண்மைதான். பிசியோதெரபிஸ்ட்களும் ஒரு காலத்தில் குறைவாகத்தான் இருந்தார்கள்.