கப்பல் கிளம்புற நேரமும் நாரை திரும்புற நேரமும்

நவரை நடவு முடிஞ்ச பிறகு இந்தப் பக்கம் வரவே முடியல. மோட்டார் ரிப்பேர், களை எடுப்பு, அப்புறம் அம்மாவுக்கு உடம்பு சரியில்லாமல் போனது என்று ஒண்ணு மாத்தி ஒண்ணு. இன்னைக்கு விவசாயம் எழுதப் போறதில்லை. மனசுல ரெண்டு வாரமா ஒரு விஷயம் குத்திக்கிட்டே இருக்கு. அதை இறக்கி வைக்கணும். சில பேருக்குக் கோபம் வரலாம். வரட்டும்.

சென்னைத் துறைமுகத்துக்கு வருஷா வருஷம் குளிர் காலத்துல வெளிநாட்டுச் சொகுசுக் கப்பல்கள் வரும். காலையில் வந்து நிற்கும், சாயங்காலம் கிளம்பிடும். நடுவுல கிடைக்கிற அந்தப் பகல்பொழுதில் பயணிகளைப் பஸ்ஸில் ஏத்தி எதையாவது காட்டிட்டுத் திரும்பக் கொண்டுபோய் விடணும். பெரும்பாலும் மாமல்லபுரத்தோட முடிச்சுக்குவாங்க. இந்த சீசனில் ஒரு டூர் கம்பெனி எங்க பக்கமும் வந்துச்சு. ஒரே பகலில் "வனவிலங்கும் கலாச்சாரமும்". வனவிலங்குன்னா வேடந்தாங்கல் பறவை. கலாச்சாரம்னா நாங்க.

எங்க ஊர் வேடந்தாங்கல் ஏரிக்குப் பக்கத்துலதான் இருக்குன்னு பழைய வாசகர்களுக்குத் தெரியும். என் வீடு ரோட்டோரம், முன்னாடி வேப்ப மரம், பின்னாடி மாட்டுக் கொட்டகை. கம்பெனிக்காரருக்கு அது பிடிச்சுப் போச்சு. ஒரு தடவைக்கு 1500 ரூபாய் என்று பேசினார். மோட்டார் காயில் எரிஞ்சு கிடந்த நேரம். சரின்னு சொல்லிட்டேன். மொத்தம் மூணு தடவை வாங்கினேன். இதை முதலிலேயே சொல்லிடுறேன், அப்புறம் யாரும் "நீயும் காசு வாங்கினவன்தானே" என்று கேட்க வேண்டாம். ஆமாம், வாங்கினவன்தான்.

கணக்கைப் பாருங்க. கப்பல் காலை 7 மணிக்கு வருது. பாஸ்போர்ட் சோதனை எல்லாம் முடிஞ்சு பஸ் கிளம்ப 9 மணி. துறைமுகத்திலிருந்து வேடந்தாங்கல் 80 கிலோமீட்டருக்கு மேல. தாம்பரம், செங்கல்பட்டு நெரிசலைத் தாண்டி வந்து சேரும்போது பதினொன்றரை. ஏரிக்கரையில் 40 நிமிஷம். என் வீட்டில் 30 நிமிஷம். அப்புறம் சாப்பாடு, மாமல்லபுரத்தில் அரக்கப்பரக்க ஒரு சுத்து. 5 மணிக்குள் கப்பலில் ஏறிடணும்.

பறவை பார்க்க வந்தவன் எப்போ வரணும்? விடியற்காலையில் வரணும், இல்லைன்னா சாயங்காலம் வரணும். 4 மணிக்கு மேல கரையில் நின்னு பாருங்க. கூழைக்கடா, மஞ்சள் மூக்கு நாரை, அரிவாள் மூக்கன், நத்தைகுத்தி நாரை எல்லாம் நாலு திசையிலிருந்தும் கூட்டங்கூட்டமா வந்து இறங்கும். இருட்டுற நேரத்துல வக்கா மட்டும் எதிர்த் திசையில இரை தேடக் கிளம்பும். நான் அம்பது வருஷத்துக்கு மேல பார்க்கிறேன், இன்னும் அலுக்கலை. அந்த நேரத்துல இவங்க கப்பல் ஏணியில் ஏறிக்கிட்டு இருக்காங்க. உச்சி வெயிலில் வந்து பார்த்தா மரத்து மேல வெள்ளை வெள்ளையா ஏதோ தெரியும். அவ்வளவுதான்.

உச்சி வெயிலில் கூட்டில் இருக்கிற பறவை சும்மா உட்கார்ந்திருக்கிறதா நினைக்காதீங்க. குஞ்சு மேல வெயில் படாம ரெக்கையை விரிச்சு நிழல் பிடிச்சுக்கிட்டு நிக்கும். தாய் எழுந்து பறந்துட்டா ரெண்டு ஆபத்து. ஒண்ணு வெயில், இன்னொண்ணு காக்காயும் பருந்தும். இது எங்க ஊர்ச் சின்னப் பசங்களுக்கே தெரியும். எங்க ஊரில் தீபாவளிக்கு வெடி வெடிக்க மாட்டோம். சட்டத்துக்குப் பயந்து இல்லீங்க, அப்படியே பழகிட்டோம்.

மூணாவது தடவை நானும் கூடவே கரைக்குப் போனேன். கேமரா வச்சிருந்தவங்க, பறவை பறக்கவே மாட்டேங்குதேன்னு அலுத்துக்கிட்டாங்க. பஸ் கிளம்ப இன்னும் கால் மணி நேரம்தான் இருக்கு. கைடு தம்பி என்ன பண்ணார் தெரியுமா? ரெண்டு கையையும் சேர்த்துப் படபடன்னு தட்டி, "ஹோய்"னு கத்தினார். கிட்ட இருந்த மரத்திலிருந்து இருபது முப்பது நாரை ஒண்ணா எழும்பிச்சு. கேமராவெல்லாம் சடசடன்னு அடிச்சுது. வனத்துறை வாட்சர் ஓடி வந்து திட்டினார். தம்பி ஸாரின்னு சொல்லிட்டு எல்லாரையும் பஸ்ஸுக்குக் கூட்டிட்டுப் போயிட்டார்.

நான் வாயைத் திறக்கலை. சட்டைப் பையில் 1500 ரூபாய் இருந்துச்சு. என்னைக் குத்துறது இதுதான். வேற யாராவது ஊர்க்காரன் கை தட்டியிருந்தா நான் சும்மா விட்டிருப்பேனா?

கலாச்சாரத்தையும் சொல்லணும். வீட்டில் கோலம் போட்டுக் காட்டணும்னு சொல்லியிருந்தாங்க. மதியம் 12 மணிக்கு! "ஏங்க, உச்சி வெயில்ல எவளாவது வாசல்ல கோலம் போடுவாளா? பார்க்கிறவங்க சிரிக்க மாட்டாங்களா?"ன்னு என் வீட்டுக்காரம்மா கேட்டாங்க. போட்டாங்க, 200 ரூபாய்க்கு. மாட்டு ஏர் ஓட்டிக் காட்டணும்னாங்க. எங்க ஊரில் மாட்டு ஏர் நின்னு எத்தனையோ வருஷமாச்சு. ஓட்டுறது டிராக்டர், அறுக்கிறது மெஷின். வெளியூரிலிருந்து ஒரு ஜோடி மாடு பிடிச்சு வந்து, காய்ஞ்ச கொல்லையில் ரெண்டு சுத்து ஓட்டினோம். அந்த மாட்டுக்கு என்னைத் தெரியாது, எனக்கும் அதைத் தெரியாது. கொல்லைக்கு நாலடி தள்ளி நிக்கிற டிராக்டர் படத்தில் விழக்கூடாதுன்னு தார்ப்பாய் போட்டு மூடச் சொன்னாங்க. தார்ப்பாயைப் போட்டு மூடினது நான்தான்.

கைடு சொன்ன கதை இன்னும் மோசம். கிராம மக்கள் இந்தப் பறவைகளைத் தெய்வமாகக் கும்பிடுறாங்கன்னு சொன்னாராம். பள்ளிக்கூடம் படிக்கிற என் அண்ணன் பேத்தி கேட்டுட்டு வந்து சொன்னா. நாங்க கும்பிடலை. நாங்க காப்பாத்துறதுக்குக் காரணம் அதைவிடப் பெரிசு. ஏரியில் விழுற பறவை எச்சம் தண்ணியில் கரையுது, அந்தத் தண்ணி மதகு வழியா வயலுக்கு வருது. உரக்கடைக்குப் போகாமலே உரம். இதை எங்க பாட்டன்மார் கண்டுபிடிச்சு வச்சிருந்தாங்க. வெள்ளைக்காரச் சிப்பாய்ங்க பறவையைச் சுட்டப்போ கலெக்டர்கிட்ட போய் மனு கொடுத்து, 1798-ல லயனல் பிளேஸ் என்கிற கலெக்டர்கிட்ட காப்பு உத்தரவே வாங்கினாங்க. வனத்துறை பிறக்கிறதுக்கு முன்னாடி, சரணாலயம் என்கிற வார்த்தை வர்றதுக்கு முன்னாடி. கலாச்சாரம்னா இதுதானே? பறவைக்கும் குடியானவனுக்கும் உள்ள கொடுக்கல் வாங்கல். இதைச் சொல்ல அஞ்சு நிமிஷம் போதும். தெய்வம்னு சொன்னா அஞ்சு செகண்டில் முடிஞ்சிடுது.

வந்தவங்க மேல எனக்குக் கோபம் இல்லை. அந்த மூணாவது பஸ்ஸில் ஒரு வயசான அம்மா வந்தாங்க. எழுபது இருக்கும். என் வீட்டு வாசலில் நின்னு, பறவையெல்லாம் இரைக்கு எங்கே போகுதுன்னு கேட்டாங்க. தம்பி மொழிபெயர்த்தார். அன்னைக்கு வந்ததிலேயே உருப்படியான கேள்வி அது ஒண்ணுதான். ஏரி மொத்தமே 30 ஹெக்டேர், 74 ஏக்கர். இத்தனை ஆயிரம் பறவைக்கும் அதுக்குள்ளேயே இரை கிடைக்குமா? சுத்தி இருக்கிற ஏரி, குட்டை, வயல், இதிலதான் மேயுது. நத்தைகுத்தி நாரை என் ரெண்டரை ஏக்கரில்தான் தினமும் நத்தை பொறுக்குது. "என் வயலுக்கு வாங்கம்மா, பத்து நிமிஷ நடை, காட்டுறேன்"னு சொன்னேன். அந்தம்மா செருப்பை மாத்தக்கூட ஆரம்பிச்சிட்டாங்க. தம்பி கடிகாரத்தைப் பார்த்துட்டு, "ஐயா, டைம் இல்லை, பஸ் கிளம்பணும்"னுட்டார். அந்தம்மா பஸ் ஜன்னல் வழியா கையெடுத்துக் கும்பிட்டுட்டுப் போனாங்க. டூருக்கு நூறு டாலருக்கு மேல கட்டினாங்களாம். நூறு டாலர் கட்டியும் ஒரு நாரை நத்தை தின்கிறதைப் பார்க்க முடியலை.

அந்தக் கேள்விக்கு ஏன் இவ்வளவு முக்கியம் கொடுக்கிறேன்னா, 1998-ல சரணாலயம்னு அறிவிச்சப்போ ஏரியோட நிறுத்தலை, சுத்தி 5 கிலோமீட்டரையும் சேர்த்துத்தான் அறிவிச்சாங்க. 2020-ல அதை 3 கிலோமீட்டரா சுருக்கப் பார்த்தப்போ எவ்வளவு எதிர்ப்பு வந்துச்சு! அப்போ சென்னையிலிருந்து குரல் கொடுத்தவங்களில் இந்தப் பக்கத்தைப் படிக்கிற நீங்களும் பல பேர் இருந்தீங்க, நான் மறக்கலை. 2022-ல ராம்சர் பட்டியலிலும் இடம் கிடைச்சுது. ஏரின்னா கரைக்குள்ள இருக்கிற தண்ணி மட்டும்தான்னு வர்றவனுக்கும் போறவனுக்கும் காட்டிக்கிட்டே இருந்தா, நாளைக்கு "மத்ததெல்லாம் வெறும் நிலம்தானே"ன்னு சொல்றவனுக்கு நாமே வழி போட்டுக் கொடுத்த மாதிரி ஆகாதா?

"ஊருக்கு வருமானம் வருதே"ன்னு சிலர் சொல்றாங்க. எனக்கு 1500, கோலத்துக்கு 200, மாட்டுக்காரருக்கு 800, இளநீர் விக்கிறவருக்கு ஏதோ கொஞ்சம். வரத்துக் கால்வாய் தூர் வார ஒரு பைசா உண்டா? மதகு ஒழுகுது, அதுக்கு உண்டா? பறவை வர்றதே தண்ணிக்காகத்தான். மழை பொய்ச்ச வருஷம் ஏரி காய்ஞ்சா பறவை வராது. அப்போ இந்த பஸ்ஸும் வராது, வேற ஊருக்குத் திருப்பிடுவாங்க. நாங்க எங்கே திருப்பிக்கிட்டுப் போறது?

இப்போ உங்களுக்கு ஒரு வார்த்தை. இது வெளிநாட்டுக்காரன் கதைன்னு நினைச்சுப் படிச்சுட்டுப் போயிடாதீங்க. 2023-லிருந்து சென்னையிலேயே கப்பல் ஏறி இலங்கை போயிட்டு வர வழி வந்துச்சே. என் தங்கச்சி மகன் போனான். அம்பாந்தோட்டையில் இறங்கி, யாலா காட்டில் ஜீப்பில் போய்ச் சிறுத்தை பார்த்தேன் மாமான்னு படம் அனுப்பினான். சிறுத்தை குட்டியூண்டு தெரியுது, சுத்தி இருக்கிற ஜீப்பைத்தான் எண்ண முடியலை. "எவ்வளவு நேரம்டா இருந்தே?"ன்னு கேட்டேன். "கப்பலுக்குத் திரும்பணுமே மாமா"ன்னான். அங்கேயும் என்னை மாதிரி ஒருத்தன் தார்ப்பாய் போட்டு எதையோ மூடியிருப்பான்.

பயணம் போகாதீங்கன்னு சொல்லலை. போற இடத்தோட நேரத்துக்கு நீங்க போங்க, உங்க நேரத்துக்கு அந்த இடத்தை வளைக்காதீங்க. வேடந்தாங்கலுக்கு வர்றதா இருந்தா சாயங்காலம் வாங்க, ராத்திரி பக்கத்துல எங்கேயாவது தங்குங்க, விடியக்காலையில் இன்னொரு தடவை பாருங்க. பைனாகுலர் வாடகைக்குக் கிடைச்சா எடுத்துக்கோங்க. கை தட்டாதீங்க. தட்டுறவனைப் பார்த்தா நான் சும்மா இருந்த மாதிரி நீங்களும் இருந்துடாதீங்க. கப்பல்காரங்களுக்கும் ஒண்ணு சொல்றேன். பகல் பொழுதுதான் இருக்குன்னா மாமல்லபுரத்தை நிதானமா காட்டுங்க, கல் எங்கேயும் பறந்து போகாது.

மார்ச் 22 கிராம சபையில் இந்த விஷயம் வருது. அடுத்த சீசனுக்கு ஊரோட சேர்ந்து ஒப்பந்தம் போடலாம்னு கம்பெனி கேட்டிருக்கு. ஊரில் பாதிப் பேர் வேணும்கிறாங்க, அதில் மாட்டுக்காரரும் ஒருத்தர், அவர் கஷ்டம் எனக்குத் தெரியும். நான் எழுந்து மூணு விஷயம் கேட்கப் போறேன். ஏரிக்குப் பகல் 10 மணியிலிருந்து 3 மணி வரைக்கும் பஸ் கூட்டம் வரக் கூடாது. ஒவ்வொரு பயணிக்கும் ஒரு தொகை கால்வாய்க் கணக்கில் கட்டணும். வர்றவங்களை வயலுக்குக் கூட்டிப் போகணும், டிராக்டரோட. ஒத்துக்கிட்டா வரட்டும். இல்லைன்னா என் வேப்ப மரத்தடி கிடையாது.

மூணாவது தடவை வாங்கின 1500-ஐத் திருப்பிக் கொடுக்கலாம்னு பார்த்தேன், அது காயில் கட்டுறவர்கிட்ட போயிடுச்சு. கிராம சபையில் எழுந்து பேசும்போது அதையும் சொல்லித்தான் ஆகணும். என்ன நடந்துச்சுன்னு வந்து எழுதுறேன். இன்னைக்கு ராத்திரி தண்ணி முறை என்னோடது, மதகுக்குப் போகணும்.